தொண்ணூற்று நாலாவது வேடம்

பிப்ரவரி 6, 2009, வெள்ளி

என் மனைவி மர்த்தீனுக்கு வாங்கி மிச்சமிருந்த மருந்துகளை ஒரு பையில் போட்டு மருந்துக்கடையில் திருப்பிக் கொடுத்தேன். பாரிஸில் அப்படித்தான். குப்பையில் போடக்கூடாது. கவுண்டரில் இருந்த பெண் புதுசு. பையை வாங்கிக்கொண்டு என் முகத்தையே பார்த்தாள்.

"உங்கள எங்கயோ பார்த்திருக்கேன். நீங்க டாக்டர்தானே?"

"இல்ல. நடிகன். டிவியில பார்த்திருப்பீங்க."

"டாக்டராத்தான் பார்த்தேன்," என்றாள், நான் ஏமாற்றிவிட்டதுபோல.

டாக்டராக இரண்டு முறை வந்திருக்கிறேன். ஒரு முறை எகிப்து டாக்டர், ஒரு முறை எந்த நாடு என்று யாரும் சொல்லவில்லை.

அடக்கம் புதன்கிழமை முடிந்தது. மழை இல்லை. மர்த்தீன் பாடம் சொல்லிக்கொடுத்த பள்ளியிலிருந்து நிறையப் பேர் வந்திருந்தார்கள்.

இந்த நோட்டு ரெஜினா அக்கா புதுச்சேரியிலிருந்து கொடுத்தனுப்பியது. தமிழில் எழுதி முப்பது வருஷத்துக்கு மேல் இருக்கும். 'ழ' எழுதும்போது கை தடுமாறுகிறது. ஆனால் இந்த வீட்டில் தமிழ் படிக்கிறவர் யாருமில்லை. அது வசதி.

பிப்ரவரி 8, ஞாயிறு

ஓர்லேயானிலிருந்து மகள் க்ளேர் வந்தாள். அம்மாவின் துணிகளைப் பிரித்து மூன்று பெட்டிகளில் அடுக்கினாள். நீல ஸ்வெட்டரை மட்டும் தன் பைக்குள் வைத்துக்கொண்டாள். மதியம் உருளைக்கிழங்கு வேகவைத்தேன். உப்புப் போட மறந்துவிட்டேன். இருவரும் அப்படியே சாப்பிட்டோம்.

"என்ன எழுதறே பப்பா?" என்று கேட்டாள். (பிரெஞ்சில்தான் பேசுகிறோம். எழுதும்போது தமிழாகிவிடுகிறது.)

"கடையில வாங்க வேண்டியது."

"நாலு பக்கமா?"

ஐந்தரை ரயிலுக்குப் போய்விட்டாள். அம்மாவின் கடைசி நாளைப் பற்றி அவளும் பேசவில்லை, நானும் பேசவில்லை.

பிப்ரவரி 9, திங்கள்

அக்கா போன் செய்தாள். முத்தியால்பேட்டையில் பக்கத்து வீட்டில் ஸ்பீக்கர் வைத்திருக்கிறார்கள் போல, கத்திக் கத்திப் பேசினாள்.

"தம்பி, நேரத்துக்குச் சாப்பிடறியா?"

"சாப்பிடறேன்க்கா."

"உயிர் போறப்ப நீ பக்கத்துல இல்லியாமே. க்ளேர் பொண்ணு என் மவங்கிட்ட சொல்லிச்சாம்."

"லீல்னு ஒரு ஊர்ல ஷூட்டிங்க்கா. ரெண்டே நாளு. டாக்டர் இன்னும் மூணு வாரம் இருக்குன்னாரு. மர்த்தீனேதான் போயிட்டு வான்னு சொன்னா."

"கடைசியா என்ன பேசினா உன்கிட்ட?"

"தண்ணி கேட்டா. குடுத்தேன்."

"உன் கையால தண்ணி வாங்கிக் குடிச்சிட்டுத்தான் போயிருக்கா. புண்ணியவதி," என்று அக்கா அழ ஆரம்பித்தாள். அவள் அழுது முடிக்கும்வரை ரிசீவரைக் காதில் வைத்துக்கொண்டு ஜன்னலுக்கு வெளியே ஒருவன் கார் நிறுத்தப் படும் பாட்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன். நான்காவது தடவையில் நிறுத்திவிட்டான்.

பிப்ரவரி 17, செவ்வாய்

பால் திரிந்துவிட்டது. புதிது வாங்கினேன்.

பிப்ரவரி 24, செவ்வாய்

சொலாஞ்ஜ் மதியச் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டாள். எனக்கு வேஷம் பிடித்துத் தருகிற ஏஜெண்ட். இருபத்தாறு வருஷமாக அவள்தான். எழுபது தாண்டியும் உதட்டுச் சாயம் பூசாமல் வெளியே வரமாட்டாள்.

"எதுவார், ஷூட்டிங்ல எல்லார் போனையும் வாங்கி வச்சிடறாங்களாமே. அதனாலதான் உனக்குச் சேதி தெரியலயாமே. எவ்வளவு கொடுமை!"

"ஆமாம்."

"நீ போகவே வேணாம்னு நான் சொல்லியிருக்கணும்."

"மர்த்தீன்தான் போகச் சொன்னா."

"அவ எப்பவுமே அப்படி. உன் நடிப்பை உன்னைவிட அவதான் நம்பினா."

மீன் நன்றாக இருந்தது என்று நினைக்கிறேன். தட்டு காலியாக இருந்தது.

மார்ச் 10, செவ்வாய்

லிமோஜ் நகரத்திலிருந்து ஒரு கடிதம். பெலிசியே என்று ஒருவர், ஓய்வுபெற்ற பூகோள வாத்தியார். படங்களில் சின்னச் சின்ன வேஷங்களில் வருகிறவர்களைப் பற்றி முப்பது வருஷமாகத் தகவல் சேர்த்து வருகிறாராம். 'யாரும் பெயர் கேட்காத முகங்களுக்கு ஒரு பதிவேடு' என்று எழுதியிருக்கிறார். கூடவே இரண்டு பக்கக் கேள்வித்தாள். நிரப்பி அனுப்பினால் நன்றியுடையவராக இருப்பாராம்.

செய்ய வேறு வேலை இல்லை. உட்கார்ந்தேன்.

பிறப்பு: 1948, புதுச்சேரி. பெயர்: எதுவார் சவரிராயலு. திரையில்: எதுவார் சவ்ரி. (முதல் படத்தில் பெயர் நீளமாக இருக்கிறது என்று வெட்டினார்கள்.) அப்பா கோர்ட்டில் குமாஸ்தா, பிரெஞ்சுக் குடியுரிமை எடுத்துக்கொண்டவர். அதனால் இருபது வயதில் நான் கட்டாய ராணுவச் சேவைக்கு ஃப்ரெஜுஸ் முகாமுக்கு வந்தேன். முடிந்ததும் பாரிஸில் தபால் பிரிக்கும் வேலை.

நடிக்க வந்தது எப்படி? தபால்காரர்கள் நாடகக் குழு வைத்திருந்தார்கள். ஒருவனுக்கு அம்மை போட்டிருந்தது. அவன் வேஷத்தை எனக்குக் கொடுத்தார்கள். திரைக்குப் பின்னால் வசனம் எடுத்துக்கொடுக்க ஒரு பள்ளிக்கூட டீச்சர் வந்திருந்தாள். நான் மறக்காத இடத்திலும் எடுத்துக்கொடுத்தாள். அவள்தான் மர்த்தீன். இதைக் கேள்வித்தாளில் எழுதவில்லை. 'தற்செயலாக' என்று எழுதினேன்.

முதல் படம்: 1979. தட்டு ஏந்தி வருகிற வெயிட்டர். "உங்கள் காப்பி, ஐயா." அதற்கு வீட்டில் நாற்பது தடவை ஒத்திகை பார்த்தோம். மர்த்தீன் நாற்காலியில் கால்மேல் கால் போட்டு 'ஐயா'வாக உட்கார்ந்திருந்தாள்.

மொத்த வேஷங்கள்: 94. எழுத உட்கார்ந்தபோதுதான் எண்ணினேன். மளிகைக்கடைக்காரன் பதினேழு. டாக்ஸி ஓட்டுநர் பன்னிரண்டு. துருக்கியன், மொராக்கோக்காரன், பாகிஸ்தானி, ஈரானிய ஜோசியன் ஒன்று. வேஷத்துக்குப் பெயர் இருந்தது பதினோரு முறை. என்னுடைய பிரெஞ்சு சுத்தமாக இருக்கிறது, கொஞ்சம் கெடுத்துப் பேசு என்பார்கள். எப்படிக் கெடுப்பது என்று தெரியாமல் எங்கள் கட்டிடத்தைப் பார்த்துக்கொள்ளும் போர்ச்சுகல்கார அம்மாளின் உச்சரிப்பைப் பழகிக்கொண்டேன். எல்லா நாட்டுக்காரனாகவும் அந்த அம்மாளின் குரலில்தான் பேசியிருக்கிறேன். ஒரு டைரக்டரும் கண்டுபிடிக்கவில்லை.

கடைசி வேஷம்: 94, லீல் நகரம், ஜனவரி 2009. நீதிமன்றத்தில் மொழிபெயர்ப்பாளர். அகதி ஒருவன் சாட்சி சொல்ல, அவன் தமிழை நீதிபதிக்குப் பிரெஞ்சிலும், நீதிபதியின் பிரெஞ்சை அவனுக்குத் தமிழிலும் சொல்கிறவர். மூன்று நிமிடம். கதாநாயகியோடு ஒரே காட்சியில். முப்பது வருஷத்தில் ஒரு படத்தில் நான் தமிழ் பேசுவது அதுதான் முதல் முறை. முதலில் அந்த வேஷம் அரபிக்காரருக்கு இருந்தது. டைரக்டர் இனெஸ் என்ற சின்னப் பெண், என் ஊர் எது என்று கேட்டுவிட்டு, எனக்காக மாற்றி எழுதினாள். இதையும் மர்த்தீனிடம்தான் முதலில் சொன்னேன். அப்போது அவள் எழுந்து உட்காரக்கூடிய நிலையில் இருந்தாள். இரண்டு கையையும் தட்டினாள்.

'மறக்க முடியாத படப்பிடிப்பு நாள் எது, ஏன்?' என்று கடைசிக் கேள்வி. அதை வெறுமனே விட்டு உறையை ஒட்டினேன்.

மார்ச் 11, புதன்

கடிதத்தைத் தபாலில் போட்டேன். முடி வெட்டிக்கொண்டேன்.

மார்ச் 29, ஞாயிறு

க்ளேர். கோடைக்காலக் கணக்குக்குக் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளிவைத்தாள். கூடத்தில் மர்த்தீன் படுத்திருந்த ஆஸ்பத்திரிக் கட்டிலை எடுத்துக்கொண்டு போய் இரண்டு மாதமாகிறது. தரையில் நாலு சக்கரத்தின் தடம் இன்னும் இருக்கிறது. அந்த இடத்தைச் சுற்றிக்கொண்டுதான் இருவரும் நடக்கிறோம்.

"நர்ஸம்மாவைப் பார்த்தேன்," என்றாள் திடீரென்று. "அந்தக் கடைசி வெள்ளிக்கிழமை காலையில அம்மா உன் பேரைச் சொல்லிக் கேட்டாங்களாம். ரெண்டு தடவை."

"நீ போன் பண்ணியே."

"பதினோரு தடவை பண்ணேன் பப்பா."

"போனை வாங்கி வச்சிட்டாங்க க்ளேர். அது அவங்க விதி."

அவள் என்னையே பார்த்தாள். பிறகு சாலட் இலைகளைக் கழுவப் போனாள். அவளுக்கு என் கண், மர்த்தீனின் வாய். திறக்காமலிருக்க முடிவு செய்துவிட்டால் திறக்காத வாய்.

ஏப்ரல் 14, செவ்வாய்

இனெஸ் போன் செய்தாள். நீதிமன்றக் காட்சியில் வெப்பக் குழாய் இரைச்சல் என் குரலின் மேல் விழுந்திருக்கிறதாம். வியாழக்கிழமை ஸ்டூடியோவுக்கு வந்து வசனத்தை மறுபடி பேசித் தர முடியுமா என்று கேட்டாள்.

"உங்க நிலைமையில கேக்கவே சங்கடமா இருக்கு."

"வேலைதானே. வரேன்."

வசனத்தை எடுத்துப் படித்துப் பார்த்தேன். எதிரில் படிக்க ஆளில்லை. நீதிபதியின் வரிகளையும் நானே படித்தேன்.

ஏப்ரல் 16, வியாழன்

இருட்டறை. பெரிய திரை. காதில் ஹெட்ஃபோன். திரையில் என் படம் ஓடும், அடியில் என் வசனம் எழுத்தாக நகர்ந்து வரும். ஒரு கோட்டைத் தொடும்போது வாயசைவுக்குச் சரியாகப் பேச வேண்டும். தமிழை யாரோ பிரெஞ்சு எழுத்தில் எழுதியிருந்தார்கள், பாதி தப்பு. எனக்கு அது தேவைப்படவில்லை. மனப்பாடம்.

திரையின் மேல் மூலையில் எண்கள் ஓடின.

"அது என்ன?" என்று சவுண்ட் பார்க்கிறவரிடம் கேட்டேன்.

"படமெடுத்த அன்னிக்கு இருந்த நேரம் சார். மணி, நிமிஷம், செகண்ட். அது படத்துல வராது, கவலைப்படாதீங்க."

15:17 என்று இருந்தது.

சாட்சியாக நடித்தவன் யோகநாதன் என்று ஒரு யாழ்ப்பாணப் பையன், நடிகன் இல்லை, ஹோட்டலில் பாத்திரம் கழுவுகிறவன். திரையில் சொன்னான்: "கதவப் பூட்டேல்ல. அப்பிடியே வெளிக்கிட்டனாங்கள்." நீதிபதியாக வந்த கதாநாயகி ஏன் என்று பிரெஞ்சில் கேட்டாள். என் முறை. "ஏன் பூட்டவில்லை என்று அம்மா கேட்கிறார்கள்."

வாயசைவு கொஞ்சம் முந்திவிட்டது. மறுபடி. மறுபடி. எண்கள் பின்னால் போய் மறுபடி 15:17-லிருந்து வந்தன. 15:18. 15:19. என் முகம் பெரிதாக, நெருக்கத்தில். சாட்சியை மரியாதையோடு குனிந்து கேட்டுக்கொண்டிருக்கிறது. 15:20.

மர்த்தீன் போனது அதே வெள்ளிக்கிழமை பிற்பகல் மூன்று இருபதுக்கு. சான்றிதழில் அப்படித்தான் எழுதியிருக்கிறார்கள்.

அந்த முகத்தில் ஒன்றுமே இல்லை. ஏதோ ஒன்று தெரிந்திருக்கும் என்று பார்த்துக்கொண்டே இருந்தேன். ஒரு கண் சிமிட்டலாவது. நல்ல மொழிபெயர்ப்பாளராக நின்றுகொண்டிருந்தேன். நன்றாக நடித்திருக்கிறேன்.

"அருமை சார். பாதுகாப்புக்கு இன்னொண்ணு எடுத்துக்கலாமா?"

"எடுக்கலாம்."

பதினான்கு தடவை எடுத்தோம். வெளியே வந்து மெட்ரோவில் ஏறி, இறங்க வேண்டிய நிலையத்துக்கு மூன்று நிலையம் தள்ளிப் போய் இறங்கினேன். நடந்து திரும்பினேன்.

ஏப்ரல் 17, வெள்ளி

போனை யாரும் வாங்கி வைக்கவில்லை. அப்படி ஒரு விதி அங்கே இல்லை. நான்தான் அணைத்தேன். காலை எட்டு மணிக்கு, மேக்கப் அறையில், கோட்டுப் பைக்குள் போடுவதற்கு முன்னால். அடித்தால் எடுக்க வேண்டியிருக்கும். எடுத்தால் கிளம்ப வேண்டியிருக்கும்.

இதை எழுதிவிட்டேன். ஒன்றும் ஆகவில்லை. மதியம் துணி துவைத்தேன்.

மே 12, செவ்வாய்

இனெஸ் மறுபடி. இந்த முறை குரலே சரியில்லை. படம் இருபது நிமிடம் நீளமாக இருக்கிறதாம். தயாரிப்பாளர்கள் நெருக்குகிறார்களாம்.

"நீதிமன்றக் காட்சி முழுசாப் போச்சு சார். எனக்கு அதுதான் படத்துலயே பிடிச்சது. நான் சண்டை போட்டேன். உங்ககிட்ட எப்படிச் சொல்றதுன்னே…"

"அதனால என்னம்மா. எனக்கு இது பழக்கம்தான்."

"நீங்க அன்னிக்கு அங்க இருக்க வேண்டியதே இல்ல," என்று சொல்லி அழுதுவிட்டாள். என் மகள் வயதுதான் இருக்கும். சமாதானம் சொன்னேன். அடுத்த படத்தில் பார்ப்போம் என்றேன். வைத்துவிட்டு அடுப்பில் வைத்த தண்ணீரைப் பார்த்தேன். வற்றிப்போய் பாத்திரம் கருகியிருந்தது.

மே 24, ஞாயிறு

எல்லாவற்றையும் எழுதிவிட முயல்கிறேன்.

க்ளேர் பதினொரு மணிக்கு வந்தாள். பட்டாணி உரித்துக்கொண்டிருந்தோம். படம் எப்போது வெளியாகிறது என்று கேட்டாள்.

"செப்டம்பர்ல. நான் அதுல இல்ல. வெட்டிட்டாங்க."

அவள் கை நின்றது. "மொத்தமாவா?"

"மொத்தமா."

"அதுக்காகவா போனே?" கத்தவில்லை. மெதுவாகத்தான் கேட்டாள். கத்தியிருக்கலாம்.

அப்போதும் என் வாயில் முதலில் வந்தது அந்த வாக்கியம்தான். நாலு மாதமாக எல்லாரிடமும் சொல்லிச் சொல்லி வழவழப்பாகிப் போன வாக்கியம். "உங்கம்மாதான் போயிட்டு…" என்று ஆரம்பித்தேன். ஆரம்பித்து நிறுத்தினேன். நானாக நிறுத்தவில்லை, அது அங்கேயே நின்றுவிட்டது.

"அவ போகச் சொல்லல," என்றேன்.

க்ளேர் கையிலிருந்த பட்டாணியைக் கிண்ணத்தில் போட்டாள்.

"புதன்கிழமை காலையில கோட்டு மாட்டிக்கிட்டு கட்டில் பக்கத்துல குனிஞ்சேன். என் கையைப் பிடிச்சா. 'இரு'ன்னா. ஒரே வார்த்தை. நல்லாக் கேட்டுச்சு எனக்கு. 'என்ன, தண்ணி வேணுமா?'ன்னு கேட்டேன். தம்ளரை எடுத்து வாயில வச்சேன். என்னையே பார்த்துக்கிட்டுக் குடிச்சா. ரெண்டு வாய் குடிச்சா. அப்புறம் கையை விட்டுட்டா. நான் ரயிலுக்குப் போனேன்."

பட்டாணி ஒன்று உருண்டு தரையில் விழுந்தது. யாரும் எடுக்கவில்லை.

"போனையும் நான்தான் அணைச்சேன்," என்றேன். சொல்ல ஆரம்பித்தபின் எல்லாம் சொல்லிவிடலாம் என்று தோன்றியது.

"போன் விஷயம் தெரியாது," என்றாள் க்ளேர். "மத்தது தெரியும். நான் சமையலறையில இருந்தேன். இந்தக் கதவு திறந்துதான் இருந்துச்சு. அம்மா சொன்னதும் கேட்டுச்சு, நீ சொன்னதும் கேட்டுச்சு."

"நீ ஏன் ஒண்ணும் சொல்லல?"

"அன்னிக்கா? நீ ரயிலத் தவற விட்டுடுவேன்னு நினைச்சேன். பாதி வழியில திரும்பிடுவேன்னு நினைச்சேன்." எழுந்து கை கழுவினாள். வெகுநேரம் கழுவினாள். "அப்புறம், நீயாச் சொல்வேன்னு காத்துக்கிட்டிருந்தேன். ஒவ்வொரு ஞாயித்துக்கிழமையும் அதுக்குத்தான் வந்தேன்."

"என்னை மன்னிச்சிடுன்னு கேக்கட்டுமா?"

"கேக்காதே. கேட்டா நான் பதில் சொல்லணும். எங்கிட்ட இப்ப பதில் இல்ல."

இரண்டு மணி ரயிலுக்கே போய்விட்டாள். பட்டாணியை நான் உரித்து முடித்தேன்.

மே 31, ஞாயிறு

க்ளேர் வரவில்லை.

ஜூன் 3, புதன்

சொலாஞ்ஜ் கூப்பிட்டாள். மர்செய் நகரத்தில் மளிகைக்கடைக்காரன், நாலு வரி, ஜூலையில். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். இருபத்தாறு வருஷத்தில் அந்தப் பதிலை அவளிடம் சொன்னதில்லை. உடம்பு சரியில்லையா என்று கேட்டாள்.

ஜூன் 7, ஞாயிறு

வரவில்லை. பெலிசியே தன் பதிவேட்டைப் புத்தகமாகத் தைத்து ஒரு பிரதி அனுப்பியிருக்கிறார். எனக்கு அரைப் பக்கம். என் பெயரோடு இருக்கும் படம் வேறு யாருடையதோ.

ஜூன் 14, ஞாயிறு

வரவில்லை. இரண்டு தட்டு எடுத்து வைத்துவிட்டு ஒன்றைத் திரும்ப வைத்தேன்.

ஜூன் 18, வியாழன்

கல்லறைக்குக் கல் செய்கிறவர் போன் செய்தார். மண் இறுகிவிட்டது, இனி கல் வைக்கலாம், சனிக்கிழமை பத்து மணிக்கு வந்து எழுத்தைப் பார்த்துச் சொல்லுங்கள் என்றார். க்ளேருக்குச் செய்தி அனுப்பினேன். பதில் வரவில்லை.

ஜூன் 20, சனி

பத்துக்குப் போனேன். க்ளேர் இந்த முறை ரயிலில் வராமல் காரில் வந்திருந்தாள்; கார் ஏற்கெனவே அங்கே நின்றது. அவள் பட்டறைக்குள் சாம்பல் நிறக் கற்களுக்கு நடுவில், கைகளைக் கட்டிக்கொண்டு நின்றிருந்தாள். எப்போதும்போல் கன்னத்தில் முத்தம் கொடுக்கவில்லை. தலையை மட்டும் அசைத்தாள்.

கல்காரர் அறுபது வயதுக்காரர், கைகளெல்லாம் வெள்ளைத் தூள். மேசைமேல் ஒரு பெரிய தாளை விரித்தார். கல்லின் அளவில் பென்சிலால் எழுதியிருந்தது. மர்த்தீன் சவரிராயலு. பிறந்த வருஷம், இறந்த வருஷம். எழுத்துப்பிழை இருக்கிறதா பாருங்கள் என்றார். 'சவரிராயலு' மாதிரிப் பெயரை இதுவரை செதுக்கியதில்லையாம். ஒவ்வொரு எழுத்தாகப் பார்த்தேன். சரியாக இருந்தது.

"ஒரு விஷயம் முடிவு பண்ணணும்," என்றார். "பேரை நடுவுல வெட்டறதா, மேல தள்ளி வெட்டறதா? மேல வெட்டினா கீழ இன்னொரு பேருக்கு இடமிருக்கும். சாதாரணமா கணவருக்கு விடுவோம். சிலபேர் வேணாம்பாங்க. ஒரு தடவை வெட்டிட்டா அப்புறம் மாத்த முடியாது."

என்னைப் பார்த்துத்தான் கேட்டார். தொண்ணூற்று நாலு வேஷத்திலும் எனக்கு யாராவது வசனம் எழுதிக் கொடுத்திருந்தார்கள். தாளையே பார்த்துக்கொண்டு நின்றேன். பட்டறைக்குள் எங்கேயோ ஒரு இயந்திரம் ஓடிக்கொண்டிருந்தது. பிறகு அது நின்றது.

"சார்?" என்றார் கல்காரர்.

"மேல வெட்டுங்க," என்றாள் க்ளேர். "கீழ இடம் விடுங்க."

"அப்போ கணவருக்கு…"

"ஆமா. எங்கப்பாவுக்கு."

அவர் பென்சிலால் குறித்துக்கொண்டார். நான் ஒரு இடத்தில் கையெழுத்துப் போட்டேன். க்ளேர் இன்னொரு இடத்தில் போட்டாள். வெளியே நல்ல வெயில். பேருந்தில்தான் வந்தேன் என்றேன். கார்க் கதவைத் திறந்து காத்துக்கொண்டு நின்றாள். ஏறி உட்கார்ந்தேன்.

சீட் பெல்ட்டை இழுத்தேன். கொக்கி அதன் இடத்தில் மாட்டவில்லை. மறுபடி முயன்றேன். மாட்டவில்லை. தொண்டையிலிருந்து ஒரு சத்தம் வந்தது. அது என் குரல் என்று எனக்கே முதலில் தெரியவில்லை. அந்தச் சத்தத்தை நான் எந்தப் படத்திலும் போட்டதில்லை.

க்ளேர் குறுக்கே குனிந்து பெல்ட்டை மாட்டிவிட்டாள். வண்டியை எடுக்கவில்லை. சாவியைக் கையில் வைத்துக்கொண்டு, நான் அழுது முடிக்கும்வரை உட்கார்ந்திருந்தாள்.